கோட்டையூரிலிருந்து ஒரு லட்சம் மைல்: ஏ.கே.செட்டியாரின் தனிவழித் திரைப்பணி

தமிழ்த் திரைப்படத்தின் 1940களைப் பற்றிய வரலாறுகள் பெரும்பாலும் ஸ்டுடியோக்களின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கின்றன. சேலத்து மாடர்ன் தியேட்டர்ஸ், கோவை சென்ட்ரல் ஸ்டுடியோஸ், சென்னை ஜெமினி, பிறகு ஏவி.எம். என்று நிறுவனங்களின் பெயர்களும், அவற்றில் நடித்தவர்கள், பாடியவர்கள், பணம் போட்டவர்கள் ஆகியோரின் பெயர்களும் அவற்றில் வரிசையாக இடம்பெறுகின்றன. அந்தப் பத்தாண்டின் தொடக்கத்திலேயே, 1940 ஆகஸ்ட் 23 அன்று, நடிகரோ கதையோ அரங்க அமைப்போ இல்லாத ஒரு முழுநீளப் படம் தமிழ் விவரணையோடு திரைக்கு வந்தது. செட்டிநாட்டுக் கோட்டையூரைச் சேர்ந்த இருபத்தெட்டு வயது இளைஞர் கருப்பன் செட்டியார், மகாத்மா காந்தியின் வாழ்க்கையைப் பற்றி எடுத்த அந்த ஆவணப்படம் மேற்சொன்ன வரிசையில் எதிலும் அடங்குவதில்லை. ஏ.கே.செட்டியார் என்று தமிழ்நாடு பின்னாளில் அறிந்துகொண்ட அவரைப் பயண எழுத்தாளராகவும் ‘குமரி மலர்’ ஆசிரியராகவும் நினைவுகூர்பவர்கள் உண்டு. அவரைத் திரைப்படக் கலைஞராக, அதிலும் எந்த ஸ்டுடியோவையும் எந்த அரசையும் சாராமல் இயங்கிய தனிவழிக் கலைஞராக வைத்து ஆராய்ந்தவர்கள் மிகக் குறைவு. அவர் படம் எடுத்த முறை செட்டிநாட்டு வணிக வாழ்க்கையின் பழக்கங்களோடு எவ்வளவு நெருக்கமாகப் பொருந்துகிறது என்பதோ இதுவரை போதிய கவனம் பெறவே இல்லை.

ஸ்டுடியோவின் முதலும் விநியோகஸ்தரின் முன்பணமும் அரசின் மானியமும் இன்றி, படைப்பாளியே பொருளைத் தேர்ந்து, பணம் திரட்டி, படமாக்கி, மக்களிடம் கொண்டுசேர்க்கும் முயற்சியையே இன்று சுயாதீனத் திரைப்படம் என்கிறார்கள். அந்தச் சொல்லாட்சி பரவுவதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே அந்த வேலையை முழுமையாகச் செய்து முடித்தவர் செட்டியார். அதற்கான தொடக்கப் பயிற்சியை அவருக்குத் தந்தது எந்தத் திரைப்படப் பள்ளியும் அல்ல, அவர் பிறந்த ஊரும் அவருடைய சமூகத்தின் கடல்கடந்த தொழிலுமே.

கோட்டையூர், செட்டியாரின் வணிகச் சமூகமான நகரத்தார் வாழும், காரைக்குடியை ஒட்டியுள்ள ஊர், இன்றைய சிவகங்கை மாவட்டத்தைச் சேர்ந்தது. அழகப்பா கல்வி நிலையங்களை நிறுவிய அழகப்ப செட்டியாரும், அச்சான தமிழ்த் தாள் எதுவானாலும் தேடிச் சேர்த்த ரோஜா முத்தையாவும் பிறந்த ஊரும் இதுவே. 1911 நவம்பர் 4 அன்று கருப்பன் செட்டியார் பிறந்த காலத்தில், செட்டிநாட்டு இளைஞர்களுக்குப் பர்மாவும் மலேயாவும் இலங்கையும் அடுத்த ஊர்களைப் போலவே பழக்கமான இடங்களாக இருந்தன. முதலாளி ஊரிலிருக்க, கடல்கடந்த ஊரில் கடையை நடத்த அனுப்பப்படும் முகவருக்கு ‘மேலாள்’ என்று பெயர். அவருக்கு ஒரு தவணை பெரும்பாலும் மூன்றாண்டுகள். தவணை முடிந்து திரும்பும்போது ‘ஐந்தொகை’ எனப்படும் வரவுசெலவு முடிப்புக் கணக்கை அவர் ஒப்படைக்க வேண்டும். ஊர்விட்டு ஊர் வந்த நகரத்தார் தங்குவதற்கும் கடை வைப்பதற்கும் பொதுவாக அமைந்த ‘கிட்டங்கி’கள் ரங்கூனிலும் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் இருந்தன. முன்பின் அறியாத துறைமுகத்தில் இறங்குபவர் கையில் அறிமுகக் கடிதம் ஒன்று இருந்தால், அவருக்குச் சோறும் படுக்க இடமும் அடுத்த ஊருக்கான வழியும் கிடைத்துவிடும். நம்பிக்கையை மட்டும் முதலாக வைத்து நெடுந்தூரம் போய், நெடுநாள் காத்திருந்து, காசுக்குக் காசு கணக்கு வைத்துத் திரும்பும் இந்த ஒழுங்குமுறையை மனத்தில் வைத்துக்கொண்டால்தான், பிற்காலத்தில் அவர் படம் சேர்க்கப் புறப்பட்ட விதம் விளங்கும்.

செட்டியார் பர்மாவுக்குச் சென்றது வட்டிக்கடையில் அமர்வதற்காக அன்று, ரங்கூனில் நகரத்தார் நடத்திய ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியப் பொறுப்பை ஏற்பதற்காக. அந்த 1930களில் பர்மாவின் நகரத்தார் வணிகம் வெளிப்பார்வைக்குச் செழிப்பாகவும் உள்ளே நெருக்கடியோடும் இருந்தது. உலகப் பொருளாதார மந்தத்தால் நெல் விலை சரிந்து, கடன் வாங்கிய உழவர்களால் திருப்பித்தர முடியாமல் போனது. அடமானம் வைத்த வயல்கள் கடன் கொடுத்தவர்கள் கைக்கு வந்து சேர்ந்தன. கீழ்ப் பர்மாவின் முதன்மையான நெல் மாவட்டங்களில் 1930இல் ஏறத்தாழ நூற்றுக்கு ஆறு பங்காக இருந்த நகரத்தார் நிலவுடைமை, அந்தப் பத்தாண்டின் பிற்பகுதியில் நூற்றுக்கு இருபத்தைந்து பங்காக உயர்ந்தது. காசாக வர வேண்டியது மண்ணாக வந்தது, அதோடு மண்ணின் மக்களுடைய வெறுப்பும் வந்தது. 1937 ஏப்ரலில் பர்மா இந்தியாவிலிருந்து தனியாகப் பிரிக்கப்பட்டது. ஒரு தலைமுறையின் வாழ்வாதாரம் ஆட்டம் கண்ட இக்காலத்தில், வணிகத்துக்காக உருவான கடல்வழித் தொடர்புகளை வேறொரு பணிக்குத் திருப்பிய இளைஞராகச் செட்டியாரைப் பார்ப்பது பொருத்தமாக இருக்கும்.

புகைப்படக் கலையில் நாட்டம் கொண்ட அவர் முதலில் ஜப்பானுக்குச் சென்று டோக்கியோவில் அக்கலையைப் பயின்றார். 1937இல் அமெரிக்கா சென்று நியூயார்க் புகைப்படக் கல்விக் கழகத்தில் மேற்பயிற்சி பெற்றார். தென்னிந்தியாவில் காமிராத் தொழிலை அப்போது பெரும்பாலும் ஸ்டுடியோக்களில் எடுபிடியாகச் சேர்ந்து, மூத்தவர்களின் அருகில் நின்று கற்றுக்கொண்டார்கள் என்பதை நினைத்தால், சொந்த முயற்சியில் இரண்டு கண்டங்களில் முறையாகப் பயின்ற செட்டியாரின் தேர்வு எவ்வளவு விலகிய தேர்வு என்பது புலப்படும்.

நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்கு ‘சமாரியா’ என்ற கப்பலில் பயணம் செய்துகொண்டிருந்தபோது, 1937 அக்டோபர் 2 அன்று, காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அன்று காந்தியின் பிறந்தநாள். அப்போது செட்டியாருக்கு இருபத்தாறு வயதுகூட நிறைந்திருக்கவில்லை. கையில் பெரும்பணமோ பின்னால் ஒரு நிறுவனமோ இருக்கவில்லை என்பதோடு, அவர் நினைத்த வகைப் படத்துக்கு இந்தியாவில் முன்மாதிரியும் இருக்கவில்லை.

ஆவணப்படம் என்பது நடிப்பையும் கற்பனைக் கதையையும் விடுத்து, உண்மையான மனிதர்களையும் இடங்களையும் நிகழ்வுகளையும் கொண்டு ஒரு பொருளை விளக்கும் படம். ‘டாக்குமெண்டரி’ என்ற சொல்லை இந்தப் பொருளில் பிரிட்டிஷ் திரைப்படச் சிந்தனையாளர் ஜான் கிரியர்சன் 1926இல் கையாண்டார். அதன் ஒரு கிளையாகத் தொகுப்பு ஆவணப்படம் உருவாயிற்று. வெவ்வேறு காலங்களில், வெவ்வேறு நோக்கங்களுக்காக, வெவ்வேறு ஆட்கள் எடுத்து வைத்த படத்துண்டுகளைத் தேடிச் சேர்த்து, அவற்றை வரிசைப்படுத்தி, புதிய பொருள் தரும்படி ஒரே படமாக்குவதே அதன் இயல்பு. சோவியத் ரஷ்யாவில் எஸ்ஃபிர் ஷுப் என்ற பெண்மணி, ஜார் மன்னர் குடும்பத்தைப் படம்பிடித்த பழைய சுருள்களைக் கொண்டே அந்த ஆட்சியின் வீழ்ச்சியைக் காட்டும் படத்தை 1927இல் உருவாக்கியது இவ்வகைக்குச் சிறந்த தொடக்கம். அவருக்குப் புரட்சி அரசின் திரைப்படக் கிடங்குகள் திறந்திருந்தன. செட்டியார் தேடிய சுருள்களோ, காந்தி எதிர்த்து நின்ற பேரரசின் தலைநகரிலும், அவர் இளமையில் போராடிய தென்னாப்பிரிக்காவிலும், உலகெங்கும் கிளை பரப்பிய செய்திப்பட நிறுவனங்களின் அலமாரிகளிலும் சிதறிக் கிடந்தன.

செய்திப்படம் என்பது திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன் காட்டப்பட்ட சில நிமிட நிகழ்ச்சித் தொகுப்பு. பாத்தே, கௌமாண்ட், ஃபாக்ஸ் மூவிடோன் போன்ற நிறுவனங்கள் அவற்றைத் தயாரித்தன. காந்தியின் புகழ் வளர வளர அவர் அந்நிறுவனங்களுக்கு விரும்பத்தக்க செய்தியாக மாறினார். 1930இன் தண்டி யாத்திரை உலகத்தின் கண்ணை இழுத்தது. 1931இல் வட்டமேசை மாநாட்டுக்காக அவர் லண்டன் சென்றபோது காமிராக்காரர்கள் அவரை விடாமல் தொடர்ந்தார்கள். இவ்வாறு எடுக்கப்பட்டவை யாவும் அந்த வாரத்து வேடிக்கைக்காக எடுக்கப்பட்டவை, காட்டி முடிந்ததும் மறக்கப்பட்டவை. வரலாற்றுக்கு உதவும் என்ற எண்ணத்தோடு அவற்றை ஒருங்கே சேர்க்க வேண்டும் என்று, இந்திய தேசிய இயக்கத்தின் பெருந்தலைவர்களுக்குத் தோன்றாத நேரத்தில், கோட்டையூர்க்காரர் ஒருவருக்குத் தோன்றியது. அவருடைய சாதனைகளில் மிகப் பெரியது இந்த முன்னுணர்வுதான் என்று இக்கட்டுரை கருதுகிறது. காந்தி உயிரோடு இருந்த காலம் அது. இனியும் எடுக்கலாம் என்ற நினைப்பு எவருக்கும் எளிதில் வந்துவிடக்கூடிய சூழலில், எடுத்தவை அழிந்துவிடும் என்று அஞ்சியவர் அவர். அந்த அச்சத்துக்குத் தொழில்நுட்ப அடிப்படையும் இருந்தது. அக்காலச் சுருள்கள் செல்லுலோஸ் நைட்ரேட் என்ற பொருளால் ஆனவை, எளிதில் தீப்பற்றுபவை, வெப்பத்தில் தாமாகவே சிதைந்து பொடியாகிவிடுபவை.

படத்துக்காக ‘டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்’ என்ற நிறுவனம் உருவாக்கப்பட்டது. அதன்பின் தொடங்கிய தேடலில் அவர் கடந்த தொலைவு ஒரு லட்சம் மைல் என்று கணக்கிடப்படுகிறது. நான்கு கண்டங்களைத் தொட்ட அந்தப் பயணத்துக்குச் செலவான காலம் ஏறத்தாழ மூன்றாண்டுகள், அதாவது ஒரு மேலாளின் ஒரு தவணை. முப்பது ஆண்டுகளில் நூறு காமிராக்காரர்கள் எடுத்த ஐம்பதாயிரம் அடிச் சுருள் அவர் கைக்கு வந்து சேர்ந்தது. 35 மில்லிமீட்டர் பேசும்படச் சுருள் நிமிடத்துக்குத் தொண்ணூறு அடி வீதம் ஓடும். அந்தக் கணக்கில், சேர்ந்த சுருளை இடைவிடாமல் ஓட்டிப் பார்த்தால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதிலிருந்து பன்னிரண்டாயிரம் அடியை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை விலக்கினார். திரையில் அது இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. நான்கில் மூன்று பங்குக்கு மேல் கழித்துக்கட்டிய அந்தத் துணிவை, உலகெல்லாம் அலைந்து ஒவ்வொரு துண்டாகச் சேர்த்த மனிதரிடம் காண்பது எளிதன்று. சேர்ப்பவருக்கு விட மனம் வராது என்பதே பொது இயல்பு. செட்டியார் சேர்ப்பவராகவும் தொகுப்பாளராகவும் ஒருசேர இருந்தார்.

பழைய சுருள்களோடு புதிதாகவும் படம்பிடிக்கப்பட்டது. பாரிஸில் பயின்றவரும் இந்திய ஆவணப்படத்தின் முன்னோடிகளுள் ஒருவருமான டாக்டர் பி.வி.பதி காமிராப் பணியில் அவருக்குத் துணையாக இருந்தார். படத்தின் நாயகரோ சினிமாவின்மேல் நன்மதிப்பு இல்லாதவர். 1927இல் அரசு அமைத்த இந்தியத் திரைப்பட விசாரணைக் குழுவின் கேள்விகளுக்கு, தாம் சினிமா பார்த்ததே இல்லை என்றும் அதனால் விளையும் தீமை வெளிப்படையானது என்றும் பதில் அனுப்பியவர் காந்தி. அவர் பார்த்ததாகப் பரவலாகச் சொல்லப்படும் இந்தியப் படம் 1943இல் வெளியான ‘ராம ராஜ்யா’ ஒன்றே. தம்மைப் படம்பிடிப்பவர்களுக்காக ஒரு கணமும் நின்று கொடுக்காத மனிதரைப் பற்றி, அந்த மனிதரின் ஒத்துழைப்பை எதிர்பாராமல், அவரைச் சுற்றி ஏற்கெனவே பதிவான ஒளித்தடங்களைக் கொண்டே படத்தை உருவாக்க முடிந்ததற்குத் தொகுப்பு முறை துணைநின்றது. வேறு முறையில் இந்தப் படம் சாத்தியமாகியிருக்குமா என்பது ஐயத்துக்குரியது.

காலச் சூழல் அவருக்கு எதிராகத் திரும்பிக்கொண்டிருந்ததையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். அவர் திட்டமிட்ட 1937இல் சென்னை மாகாணத்தில் இராஜாஜி தலைமையில் காங்கிரஸ் அமைச்சரவை இருந்தது. தேசியத் தலைவர்களைத் திரையில் காட்டுவதற்குத் தணிக்கை இடம் கொடுத்த குறுகிய காலம் அது. 1939 செப்டம்பரில் போர் மூண்டதும், இந்தியாவைக் கேளாமல் போரில் இழுத்ததை எதிர்த்து அடுத்த மாதமே அமைச்சரவை பதவி விலகியது. கப்பல் பயணம் உயிருக்கு ஆபத்தானதாகவும், கச்சாப் படச்சுருள் அரிய பொருளாகவும் ஆயின. பிரிட்டிஷ் இந்திய அரசு போர்ப் பிரசாரத்துக்காகத் திரைப்பட ஆலோசனைக் குழுவை 1940இல் அமைத்து, ஆவணப்படத்தைத் தன் கருவியாக்கத் தொடங்கியது. அதே ஆண்டில், அதே வடிவத்தில், அரசுக்கு எதிரான அறப்போரின் தலைவரைப் பற்றிய படத்தை ஒரு தனிமனிதர் வெளியிட்டார். தனிநபர் சத்தியாக்கிரகம் தொடங்க இரண்டு மாதங்களே இருந்தன. போர்க்கால அடக்குமுறைக்கிடையே படத்தைத் தொடர்ந்து காட்ட முடியாமல் போனது. விடுதலையை ஒட்டி 1947இல் இந்தி விவரணையோடு தில்லியில் காட்டப்பட்டபோதுதான் அதற்குத் தேசிய அரங்கு கிடைத்தது.

அந்தப் படம் முதலில் பேசிய மொழி தமிழ் என்பதைத் தனியே குறிக்க வேண்டும். இந்தியா முழுவதற்கும் பொதுவான தலைவரின் வாழ்க்கையை, குஜராத்திக்கும் இந்திக்கும் ஆங்கிலத்துக்கும் முன்பாகத் தமிழில் சொல்ல முடியும், சொல்ல வேண்டும் என்று அவர் நினைத்தார். வெளிநாட்டுச் செய்திகளையும் நாட்டு நடப்புகளையும் எளிய தமிழில் எழுதிப் பழகிய இதழாசிரியருக்கு இயல்பாக வந்த முடிவு இது. அதன் அரசியல் பொருளோ பெரிது. மாகாண மொழி என்பது மையத்திலிருந்து வருவதைப் பெற்றுக்கொள்ளும் மொழி என்ற எண்ணத்தை அவர் தம் செயலால் மறுத்தார்.

1953இல் அமெரிக்காவில், சான் பிரான்சிஸ்கோவின் அமெரிக்க ஆசியவியல் கழகத்தின் தொடர்போடு, அவர் திரட்டிய படத்தின் அடிப்படையில் ஆங்கில வடிவம் வெளியாயிற்று. புகழ்பெற்ற பத்திரிகையாளர் குவென்டின் ரெனால்ட்ஸ் அதற்குக் குரல் கொடுத்தார். காந்தியை இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி என்று தலைப்பிலேயே அறிவித்த அந்தப் படம் எண்பது நிமிட அளவுக்குச் சுருங்கியிருந்தது. பிற்காலத்தில் விட்டல்பாய் ஜவேரி காந்தி நினைவு நிதியத்தின் சார்பில் உருவாக்கிய ஐந்தரை மணி நேர ஆவணப்படம் 1968இல் வந்தது. ரிச்சர்ட் அட்டன்பரோவின் கதைப்படம் 1982இல் வந்தது. முன்னதற்கு ஒரு தேசிய அறக்கட்டளையும் பின்னதற்கு இந்திய அரசின் திரைப்பட வளர்ச்சிக் கழகமும் துணைநின்றன. இந்த இரண்டும் அடைந்த பெயரில் சிறுபங்குகூட 1940ஆம் ஆண்டுப் படத்துக்குக் கிடைக்கவில்லை.

செட்டிநாட்டின் திரைப்படப் பங்களிப்பு என்றதும் நினைவுக்கு வருபவர் காரைக்குடி ஏ.வி.மெய்யப்பன். போர்க்கால நெருக்கடியால் சென்னையில் தொழில் நடத்த இயலாமல், காரைக்குடியை அடுத்த தேவகோட்டை ரஸ்தாவில் கொட்டகைகள் போட்டு ஸ்டுடியோ நடத்திய அவர், அங்கிருந்தே ‘நாம் இருவர்’ படத்தை உருவாக்கி 1947 தொடக்கத்தில் வெளியிட்டார். பாரதி பாடல்களும் காந்தியின் புகழும் நிரம்பிய அந்தப் படம் பெருவெற்றி பெற்று, மறு ஆண்டில் அவருடைய ஏவி.எம். நிறுவனம் சென்னை வடபழனிக்கு இடம்பெயர்ந்தது. மெய்யப்பனும் செட்டியாரும் ஏறக்குறைய ஒரே வயதினர், அண்டை ஊர்க்காரர்கள், ஒரே சமூகத்தினர். மெய்யப்பன் இசைத்தட்டு வணிகத்திலிருந்து திரைக்கு வந்து, முதலைப் பெருக்கும் நகரத்தார் திறனைத் தொழிலாக்கினார். நெடுந்தொலைவு போதல், காத்திருத்தல், கணக்குப் பிசகாமை ஆகிய மறுபாதித் திறன்களைச் செட்டியார் கலைக்குக் கொண்டுவந்தார். முதல் வழியில் தொழில் தலைமுறைகளைத் தாண்டி நீடித்தது. இரண்டாம் வழியில் ஒரே ஒரு படம் மிஞ்சியது. ஒரு படத்தோடு நின்றுவிட்டவர் என்று செட்டியாரை எண்ணுவது தவறான அளவுகோல் என்றே சொல்ல வேண்டும், ஏனென்றால் திரையில் அவர் கையாண்ட முறை 1943இல் தொடங்கிய ‘குமரி மலர்’ இதழில் தொடர்ந்தது. மறைந்துபோன பழைய இதழ்களிலிருந்து கட்டுரைகளையும் அறிவிப்புகளையும் பாரதியின் எழுத்துகளையும் தேடியெடுத்து மறுபதிப்புச் செய்த அந்த மாத வெளியீடு, தாளில் செய்யப்பட்ட தொகுப்பு ஆவணப்படமாகவே அமைந்தது. தமிழ்நாட்டைப் பற்றிப் பலர் பல காலங்களில் எழுதிய பயணக் கட்டுரைகளைத் திரட்டி அவர் வெளியிட்ட பெருநூலும் அதே மனப்போக்கின் விளைவு.

தாம் சேர்த்ததை முன்னிறுத்தித் தம்மைப் பின்னிறுத்தும் பண்பு அவருடைய எழுத்தெங்கும் தெரிகிறது. ‘உலகம் சுற்றும் தமிழன்’ முதலான நூல்களில் பயணம் செய்தவரின் பெருமிதம் ஏறக்குறைய இல்லை. சென்ற இடமும் கண்ட மனிதரும் கேட்ட பேச்சும் மட்டுமே குறுகிய வாக்கியங்களில் நிற்கின்றன. காந்திப் படம் உருவான கதையைக்கூட அவர் பல பத்தாண்டுகள் கழித்தே தம் இதழில் தொடராக எழுதினார். 1983 செப்டம்பர் 10 அன்று அவர் மறைந்தபின், வரலாற்றாய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி அத்தொடரைப் பதிப்பித்து ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற நூலாக்கினார். அதன் ஆங்கில மொழிபெயர்ப்பும் பின்னர் வந்தது. தன்னடக்கம் போற்றத்தக்க பண்பு என்றாலும், அது வரலாற்றுக்கு இழப்பையும் உண்டாக்கும் என்பதற்குச் செட்டியாரின் திரைப்பணி வலுவான சான்று. தம் பெயரைப் பரப்பாதவரின் படைப்பைப் பாதுகாக்கும் பொறுப்பை எந்த நிறுவனமும் தானாக ஏற்றுக்கொள்ளவில்லை. ஆங்கில வடிவம் இன்று பார்க்கக் கிடைக்கிறது. 1940இல் தமிழர்கள் தமிழில் கேட்டுப் பார்த்த அந்தப் பன்னிரண்டாயிரம் அடிப் படம் கிடைக்கவில்லை.

இந்த நிலையை விதி என்று ஏற்க வேண்டியதில்லை. கோட்டையூரிலேயே இதற்கு மாற்று வழி காட்டப்பட்டிருக்கிறது. விளம்பரப் பலகை எழுதும் தொழிலில் தொடங்கிய ரோஜா முத்தையா தம் வீட்டில் திரட்டிய ஏறத்தாழ ஒரு லட்சம் நூல்களும் இதழ்களும், அவர் மறைவுக்குப் பின் சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால், 1994இல் சென்னையில் ஆய்வு நூலகமாயின. நூலுக்கு நடந்தது படத்துக்கும் நடக்கலாம். செட்டியார் எங்கெங்கு சென்று எந்தெந்த நிறுவனத்திடம் சுருள் பெற்றார் என்பதை அவரே எழுதி வைத்திருப்பதால், தேட வேண்டிய இடங்களின் பட்டியல் ஏற்கெனவே கையில் இருக்கிறது. பாத்தே, கௌமாண்ட் முதலான பழைய நிறுவனங்களின் தொகுப்புகள் இன்று ஆவணக் காப்பகங்களில் முறையாக அட்டவணைப்படுத்தப்பட்டுள்ளன. புனேயில் 1964 முதல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இயங்குகிறது. அவரது பயண நூலையும் இந்த அட்டவணைகளையும் அருகருகே வைத்து, துண்டு துண்டாக ஒப்பிட்டு, தமிழ் வடிவத்தின் காட்சி வரிசையை மீட்டமைக்கும் பணியைக் கோட்டையூருக்கு மிக அருகிலேயே இருக்கும் அழகப்பா பல்கலைக்கழகம் ஏற்கலாம். இதற்குத் தேவையானவை சில ஆய்வாளர்களும் சில ஆண்டுகளும்தான். செட்டிநாட்டு வீடுகளின் பெட்டகங்களிலும் மூடப்பட்ட திரையரங்குகளின் இருட்டறைகளிலும் தகரப் பெட்டிகளில் ஏதேனும் சுருள் மிஞ்சியிருக்குமானால், அந்தத் தேடல் வீட்டுக்காரர்களின் ஒத்துழைப்போடு உடனே தொடங்கப்பட வேண்டும். நைட்ரேட் சுருள் அதிகக் காலம் காத்திருக்காது.